கொங்குநாட்டிலிருந்து கால்பந்து நேர்முக வர்ணனை: எந்த ஆட்டத்துக்கு எந்த வழி தோது?

வானொலியில் கால்பந்து கேட்க ஆசைப்படுகிறவர்கள் பெரும்பாலும் முதலில் விசாரிப்பது ரேடியோப் பெட்டியின் விலையை. அதற்கு முன்னால் முடிவு செய்ய வேண்டியது ஒன்று உண்டு: எந்த ஆட்டம்? மாநில அணிகள் மோதும் சந்தோஷ் டிராபியா, இங்கிலாந்தின் பிரீமியர் லீகா, ஸ்பெயினின் பார்சிலோனாவா, ஜெர்மனியின் பண்டஸ்லிகாவா? ஒலிபரப்பு உரிமை போட்டிக்குப் போட்டி, நாட்டுக்கு நாடு வேறுவேறு கைகளில் இருக்கிறது. உரிமை வைத்திருப்பவரின் குரல் எந்தப் பாதையில் உங்கள் ஊருக்கு வந்து சேர்கிறதோ, அதுதான் உங்களுக்கான வழி. நல்ல பெட்டியாகப் பார்த்து வாங்கிவிட்டு, அதில் வரவே வராத ஆட்டத்துக்காக முள்ளைத் திருகிக்கொண்டிருப்பதில் பயனில்லை.

கையில் போன் இருக்கும்போது எதற்கு ஒலி மட்டும் என்று கேட்கலாம். திருப்பூரில் இரவு ஷிப்டில் பேக்கிங் மேசையில் நிற்பவர், சேலத்திலிருந்து கொச்சிக்கு லோடு ஏற்றிப்போகும் ஓட்டுநர், பொள்ளாச்சித் தோப்பில் ராத்திரி மோட்டார் போட்டுத் தண்ணீர் கட்டுகிறவர், இவர்களுக்கெல்லாம் கண்ணுக்கு வேலை இருக்கிறது, காது சும்மா இருக்கிறது. ஐரோப்பிய ஆட்டங்களில் பாதி நம் நேரத்துக்கு நள்ளிரவில்தான் வருகின்றன. வீட்டில் எல்லோரும் தூங்கும்போது ஒரு காதில் மட்டும் இயர்போன் வைத்து இருட்டில் கேட்பது சுகமான வழி.

இன்னொரு காரணமும் இருக்கிறது. தொலைக்காட்சி வர்ணனையாளர் படத்தை நம்பிப் பேசுகிறார். "என்ன அருமையான பாஸ்... ஐயோ, கொஞ்சத்தில் தவறிவிட்டது" என்பார். பந்து எங்கே இருக்கிறது, யார் காலில் இருக்கிறது என்று சொல்ல மாட்டார், அரை நிமிடம் சும்மாவும் இருப்பார். வானொலிக்காரர் அப்படி விட முடியாது. "வலது ஓரம், நடுக்கோட்டைத் தாண்டி இருபது கஜம், பந்து பின்வரிசை ஆள் காலில், உள்ளே வெட்டுகிறார், பெனால்டி பெட்டிக்குள் இரண்டு பேர் காத்திருக்கிறார்கள், தூக்கி அடிக்கிறார், கோல்கீப்பர் குத்தித் தள்ளிவிட்டார்" என்று பந்தின் கூடவே ஓடுவார். நல்ல வர்ணனையாளர் இரண்டு மூன்று நிமிடத்துக்கு ஒருமுறை கோல் கணக்கையும் ஆட்ட நேரத்தையும் சொல்லிவிடுவார், நடுவில் வந்து சேர்ந்தவரும் தவிக்கக் கூடாது என்பதற்காக. கீழே வரும் வழிகளை எடைபோடும்போது இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஒலி தெளிவாக வந்தால் மட்டும் போதாது, அது வானொலிக்கென்றே பேசப்பட்ட வர்ணனையாக இருக்க வேண்டும்.

உள்ளூர் எஃப்.எம்.

"ஏனுங்கண்ணா, எஃப்.எம்.ல மேட்ச் வருமுங்களா?" என்று கேட்டால் பதில் நேராகவே சொல்லலாம்: தனியார் எஃப்.எம்.மில் வராது. சூரியன், மிர்ச்சி, ஹலோ எதுவானாலும் இதே கதைதான். 2011இல் மத்திய அரசு வெளியிட்ட மூன்றாம் கட்ட எஃப்.எம். கொள்கை, விளையாட்டுத் தகவல்களைச் சொல்லலாம், நேரடி ஒலிபரப்பு கூடாது என்கிறது. உள்ளூர் அளவிலான போட்டிகளுக்கு மட்டும் நேரடி வர்ணனைக்கு இடம் வைத்திருக்கிறது. ஆகவே கோவையில் நடக்கும் ஒரு கல்லூரிப் போட்டியைச் சட்டப்படி ஒலிபரப்ப முடியும். லண்டன் ஆட்டத்தை முடியாது. இந்தியக் கிளப்புகள் மோதும் ஐ-லீக்கின் 2018–19 பட்டத்தைச் சென்னை சிட்டி எஃப்.சி. கோவை நேரு ஸ்டேடியத்தில் வைத்து வென்றது. அப்படி ஒரு சீசன் உள்ளூரில் மறுபடி வருமானால் நம் எஃப்.எம். நிலையங்கள் இந்த வாய்ப்பைப் பயன்படுத்த வேண்டும். கேட்க ஆள் இருக்கிறார்கள்.

சிறு எஃப்.எம். டிரான்ஸ்மிட்டர் வாங்கி, இணையத்தில் வருவதைத் தெருவுக்கே ஒலிபரப்பலாமே என்று சிலர் யோசிப்பதுண்டு. உரிமம் இல்லாமல் செய்தால் அது குற்றம். அந்தப் பக்கமே போக வேண்டாம்.

ஆகாசவாணி: சந்தோஷ் டிராபிக்கும் தேசிய அணிக்கும்

ஆகாசவாணியின் விளையாட்டு நேரத்தில் கிரிக்கெட்டுக்குத்தான் பெரும்பங்கு. ஆனாலும் இந்தியக் கால்பந்தை வானொலியில் கேட்க வேண்டுமென்றால் முதலில் தேட வேண்டிய இடம் இதுதான். 2007இல் வந்த விளையாட்டு ஒளிபரப்பு சமிக்ஞைப் பகிர்வுச் சட்டத்தின்படி, தேசிய முக்கியத்துவம் வாய்ந்தவை என்று அரசு அறிவிக்கும் போட்டிகளைத் தனியார் உரிமையாளர்கள், ஆகாசவாணியை நடத்தும் பிரசார் பாரதி அமைப்புடன் பகிர்ந்துகொள்ள வேண்டும். வானொலியும் இதில் அடங்கும். விளம்பர வருமானம் உரிமையாளருக்கும் பிரசார் பாரதிக்குமாகத் தொலைக்காட்சிக்கு 75:25 என்றும் வானொலிக்கு 50:50 என்றும் பிரிக்கப்படுகிறது. மாநில நிலையங்களில் கொல்கத்தா வங்காளத்திலும், கேரள நிலையங்கள் மலையாளத்திலும் கால்பந்து வர்ணனைக்குப் பேர்போனவை. கோவை, பொள்ளாச்சிப் பக்கம் மலையாளம் காதுக்குப் பழகிய மொழி என்பதால் கேரள நிலையங்கள் நமக்குக் கூடுதல் லாபம்.

அலைவரிசைகள்: கோவை வானொலி மீடியம் வேவில் (மத்திய அலை) 999 கிலோஹெர்ட்ஸ், திருச்சூர் 630, கோழிக்கோடு 684, திருச்சி 936. எஃப்.எம்.மில் கோவை ரெயின்போ 103, கொடைக்கானல் 100.5 மெகாஹெர்ட்ஸ். கொடைக்கானல் டிரான்ஸ்மிட்டர் மலை உச்சியில் இருப்பதால் உடுமலை, தாராபுரம் வரைக்கும் அதன் எஃப்.எம். நன்றாக எட்டுகிறது. ஒன்றைக் கவனிக்க வேண்டும்: மீடியம் வேவ் டிரான்ஸ்மிட்டர்களை ஆகாசவாணி பல ஊர்களில் படிப்படியாக நிறுத்தி எஃப்.எம்.முக்கு மாறிக்கொண்டிருக்கிறது. பெட்டி வாங்கும் முன் தெரிந்தவர் பெட்டியில் உங்கள் வீட்டிலேயே ஒரு சாயங்காலம் முள்ளை ஓட்டிப் பாருங்கள்.

மீடியம் வேவ் கேட்கும்போது தவறு நேருவது நான்கு இடங்களில்தான்.

முதலாவது, டிஜிட்டல் பெட்டியின் படி அளவு. நம் நாட்டில் மீடியம் வேவ் நிலையங்கள் 9 கிலோஹெர்ட்ஸ் இடைவெளியில் இருக்கின்றன, அமெரிக்காவில் 10. இணையத்தில் வாங்கும் சில பெட்டிகள் அமெரிக்க அமைப்பிலேயே வந்து சேரும். அப்போது 990, 1000 என்று தாவும், 999 கிடைக்கவே கிடைக்காது. 1000இல் நிறுத்தினால் குரல் கரகரத்து ஒரு பக்கம் சாய்ந்த மாதிரி கேட்கும். பெட்டி கெட்டுப்போய்விட்டது என்று திருப்பி அனுப்புகிறார்கள். மெனுவில் 9/10 என்ற தேர்வை 9க்கு மாற்றினால் முடிந்தது.

இரண்டாவது, பெட்டியின் திசை. மீடியம் வேவுக்கு ஆன்டெனா, மேலே நீட்டும் கம்பி இல்லை. பெட்டிக்குள் படுக்கை வசத்தில் இருக்கும் ஃபெரைட் குச்சிதான். அந்தக் குச்சியின் முனை நிலையத்தை நோக்கி இருந்தால் ஒலி மிகவும் குறையும், பக்கவாட்டு நோக்கினால் கூடும். ஆகவே கம்பியை நீட்டாமல் பெட்டியையே மெல்லச் சுழற்றுங்கள். ஒலி மிகவும் குறையும் இடத்தைக் கண்டுபிடித்து, அங்கிருந்து கால் சுற்றுத் திருப்பினால் நல்ல இடம் கிடைக்கும். இரைச்சல் ஒரே திசையிலிருந்து வந்தால், குச்சியின் முனையை அந்தப் பக்கம் காட்டி இரைச்சலை அடக்கவும் இதே வித்தை உதவும்.

மூன்றாவது, வீட்டுக்குள்ளேயே இருக்கும் இரைச்சல். மலிவான எல்.இ.டி. பல்பு, போன் சார்ஜர், யு.பி.எஸ்., லேப்டாப் அடாப்டர் எல்லாம் மீடியம் வேவில் கர்ரென்று ஒலிக்கும். நிலையம் இல்லாத காலி இடத்தில் முள்ளை வைத்து, பெட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு ஒவ்வொரு பிளக் அருகிலும் கொண்டுபோனால் இரைச்சல் எங்கே ஏறுகிறதோ அதுதான் குற்றவாளி. அதை அணைக்க முடியாவிட்டால் மூன்று மீட்டர் தள்ளி வையுங்கள், பெட்டியைப் பேட்டரியில் ஓட்டுங்கள். ஸ்பின்னிங் மில் பக்கத்து வீடுகளில் மோட்டார் வேகத்தைக் கட்டுப்படுத்தும் டிரைவ்கள் இரவு முழுக்க இரையும். அங்கே மீடியம் வேவை நம்ப வேண்டாம். தகர ஷீட் போட்ட கொட்டகைக்குள்ளும் அலை நுழைவது சிரமம். வாசலுக்கு வெளியே வைத்தாலே வித்தியாசம் தெரியும்.

நான்காவது, நேரம். பகலில் நிலத்தை ஒட்டி வரும் அலைதான் கிடைக்கும், இருட்டிய பிறகு மேல் வளிமண்டலத்தில் பட்டுத் திரும்பும் அலையும் சேரும். அதனால் பகலில் ஈரோட்டில் கேட்காத தூர நிலையங்கள் இரவில் வரும். அதே சமயம் இரண்டு அலையும் மோதும் தூரத்தில் ஒலி ஏறி இறங்கும். நல்ல வாய்ப்பில் பந்து பெனால்டி பெட்டிக்குள் வரும்போது குரல் அமுங்கும். இதற்கு மருந்தில்லை, இரண்டாவது நிலையம் ஒன்றைத் தெரிந்து வைத்திருப்பதுதான் வழி.

இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்றால், டேட்டா கிடைக்கும் இடத்தில் வேண்டாம். ஆகாசவாணி நிலையங்கள் நியூஸ் ஆன் ஏர் ஆப்பிலும், 2024 நவம்பரில் பிரசார் பாரதி தொடங்கிய வேவ்ஸ் ஆப்பிலும் வருகின்றன. கொல்கத்தாவானாலும் கோழிக்கோடானாலும் ஒரே தெளிவு. டிடி ஃப்ரீ டிஷ் வைத்திருப்பவர்களுக்கு ஆகாசவாணியின் பல சேனல்கள் தொலைக்காட்சியிலேயே கிடைக்கும். ஆனால் வால்பாறை எஸ்டேட் போல டவர் தங்காத இடத்துக்கு இன்றைக்கும் பெட்டிதான் கை கொடுக்கும். காற்றில் நேரே வரும் ஒலிக்குத் தாமதமும் கிட்டத்தட்ட இல்லை.

போனில் உள்ள எஃப்.எம்.மைப் பொறுத்தவரை ஒரு விஷயம்: வயர் இயர்போன்தான் அதற்கு ஆன்டெனா. 100 மெகாஹெர்ட்ஸ் அலையின் நீளம் 3 மீட்டர், அதில் கால் பங்கு 75 சென்டிமீட்டர். அதனால் வயரைச் சுருட்டிப் பையில் வைக்காமல் நீட்டி விட்டால் நிலையம் நன்றாகப் பிடிக்கும். புளூடூத் இயர்போனில் கேட்பதானாலும் வயர் ஒன்று செருகியிருக்க வேண்டும். 3.5 மி.மீ. துளை இல்லாத போன்கள் பெரும்பாலானவற்றில் எஃப்.எம்.மே இருக்காது.

ஷார்ட் வேவ்

பிபிசி உலக சேவையைத் தெற்காசியாவுக்கு ஷார்ட் வேவில் (வெகுதூரம் எட்டும் சிற்றலை) ஓமானிலிருந்து அனுப்புகிறார்கள். முன்பு போல நாள் முழுக்க இல்லை, காலையும் மாலையும் சில மணி நேரம்தான். சனிக்கிழமை மாலை அந்த நேரத்துக்குள் ஆட்டம் விழுந்தால் அதிர்ஷ்டம், இரண்டாம் பாதியில் ஒலிபரப்பு முடிந்து போவதும் உண்டு. அலைவரிசைகள் மார்ச், அக்டோபர் கடைசி ஞாயிறுகளில் மாறும். பழைய பட்டியலை வைத்துத் தேடினால் வெறும் இரைச்சல்தான் கிடைக்கும்.

பெட்டியுடன் வரும் கம்பி போதாதென்றால் 10 மீட்டர் பிளாஸ்டிக் உறையிட்ட வயரை ஜன்னலிலிருந்து தென்னை மரத்துக்கோ மாடிக் கைப்பிடிச் சுவருக்கோ இழுத்துக் கட்டி, மறுமுனையைக் கிளிப்பால் கம்பியில் கவ்வ விடுங்கள். மின்வாரியக் கம்பி இருக்கும் பக்கம் இழுக்கக் கூடாது. ஐப்பசி கார்த்திகை மழையில் இடி முழங்கினால் உடனே கழற்றிவிட வேண்டும். வயரை நீட்டியதும் நாலு நிலையம் ஒன்றாகக் குழம்பிக் கேட்டால் பெட்டி திணறுகிறது என்று பொருள். லோக்கல்/டி.எக்ஸ். (அருகு/தொலைவு) சுவிட்சை லோக்கலில் போடுங்கள், இல்லாவிட்டால் வயரைப் பாதியாகக் குறையுங்கள். மாலையில் 25 மீட்டர், 31 மீட்டர் பட்டைகளில் தேடத் தொடங்கி, இரவு ஏற ஏற 41, 49 மீட்டருக்கு மாறுங்கள்.

கால்பந்துக்காக மட்டும் ஷார்ட் வேவ் பெட்டி வாங்குவதை நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம். வானொலியே பிடிக்கும் என்பவர் வாங்கட்டும், ஆட்டம் கிடைத்தால் அது உபரி.

பிபிசி, இணையத்தில்

பிரீமியர் லீக் வர்ணனை என்றாலே எல்லோருக்கும் ஞாபகம் வருவது பிபிசி ரேடியோ 5 லைவ். இந்தியாவிலிருந்து இணையத்தில் திறந்தால் பேச்சு நிகழ்ச்சிகள் வரும். ஆட்டம் தொடங்கும்போது உரிமைத் தடை பற்றிய அறிவிப்புதான் திரும்பத் திரும்ப ஓடும். அவர்கள் வாங்கியிருப்பது பிரிட்டனுக்கான உரிமை. நீங்கள் இருக்கும் நாட்டை மறைக்கும் வி.பி.என். போட்டு இதைத் தாண்டுவது சேவை விதிகளுக்கு மாறானது, பாதி ஆட்டத்தில் துண்டிக்கப்படவும் செய்யும். அதை ஒரு வழியாகவே இங்கே கணக்கில் சேர்க்கவில்லை.

கை கொடுக்கக்கூடியது பிபிசி உலக சேவையின் ஸ்போர்ட்ஸ்வேர்ல்ட் நிகழ்ச்சி. வார இறுதியில் வரும். பிரீமியர் லீக் ஆட்ட வர்ணனை இதில் உண்டு. எந்த ஆட்டம் என்பது அவர்கள் தேர்வு. உங்கள் அணி வருமா என்பதை முன்கூட்டியே நிகழ்ச்சி நிரலில் பார்த்துக்கொள்ள வேண்டும். பிபிசி சவுண்ட்ஸ் ஆப் 2025 ஜூலையில் வெளிநாடுகளில் மூடப்பட்டுவிட்டது. உலக சேவையை இப்போது பிபிசி டாட் காம் தளத்திலும் பிபிசி ஆப்பிலும்தான் கேட்க வேண்டும். பழைய ஆப்பை வைத்துக்கொண்டு வரவில்லையே என்று பலர் தவிப்பது இதனால்தான்.

நேரக் கணக்கு பலருக்கும் இடறும். பிரிட்டனில் பிற்பகல் 3 மணிக்குத் தொடங்கும் ஆட்டம், அக்டோபர் கடைசி ஞாயிறு முதல் மார்ச் கடைசி ஞாயிறு வரை நமக்கு இரவு 8.30. மற்ற மாதங்களில் 7.30. அவர்களின் 12.30 ஆட்டம் நமக்கு மாலை 6 அல்லது 5, மாலை 5.30 ஆட்டம் இரவு 11 அல்லது 10. ஐரோப்பாவில் இரவு 9 மணிக்கு நடக்கும் சாம்பியன்ஸ் லீக் ஆட்டம் குளிர்காலத்தில் நமக்கு 1.30, கோடையில் 12.30. தேதி மாறிவிடுவதைக் கவனியுங்கள். செவ்வாய் ஆட்டம் என்று போட்டிருந்தால் நீங்கள் விழித்திருக்க வேண்டியது செவ்வாய் இரவு, காலண்டரில் புதன்.

கிளப்புகளின் சொந்த வர்ணனை

ஒரே அணியைப் பின்தொடர்கிறவருக்கு எங்கள் முதல் தேர்வு இதுதான். ஆர்சனல், மான்செஸ்டர் சிட்டி போன்ற கிளப்புகள் தங்கள் ஆப்பிலோ தளத்திலோ ஆட்டம் முழுவதற்கும் ஆங்கில ஒலி வர்ணனை தருகின்றன. பேயர்ன் மியூனிக்குக்கு வெப்ரேடியோ, டார்ட்மண்டுக்கு நெட்ரேடியோ, ஜெர்மன் மொழியில். சில கிளப்புகளில் மின்னஞ்சல் கொடுத்துக் கணக்குத் தொடங்கினால் போதும், சிலவற்றில் கட்டணம் உண்டு. கட்டணம் கட்டும் முன் ஒலி வர்ணனை இந்தியாவுக்கும் உண்டா என்ற வரியைத் தேடிப் படியுங்கள்.

இதன் பலம், உங்கள் அணியின் ஆட்டம் எதுவும் தவறாது. முன்னாள் வீரர்கள் பக்கத்தில் அமர்ந்து பேசுவார்கள். காயம், மாற்று ஆட்டக்காரர், பயிற்சியாளரின் திட்டம் எல்லாம் பொது நிலையங்களைவிட நுணுக்கமாக வரும். பலவீனம், நடுநிலையை எதிர்பார்க்க முடியாது. எதிரணி கோல் போட்டால் குரல் செத்துப்போகும், யார் போட்டார், எப்படிப் போட்டார் என்பது நாலு விநாடி கழித்துத்தான் தெரியும். அதைப் பொறுத்துக்கொள்ளலாம்.

கணக்கை ஆட்டத்தன்று தொடங்காதீர்கள். உறுதி செய்யும் மின்னஞ்சல் தாமதமாக வந்து முதல் பாதியே போய்விடும்.

ஸ்பெயின், ஜெர்மனி, இத்தாலி நிலையங்கள்

மொழி தெரியாது என்று பெரும்பாலோர் ஒதுக்கிவிடும் வழி இது. எங்களைக் கேட்டால் பெரும்பாலும் தடையில்லாமல், செலவில்லாமல், உண்மையான வானொலி வர்ணனையாகக் கிடைப்பது இதுதான். ஸ்பெயினில் வானொலி நிருபர்கள் மைதானத்துக்குள் போய் வர்ணிக்கச் சட்டமே இடம் தருகிறது. 2011இல் லீக் அமைப்பு நிலையங்களிடம் கட்டணம் கேட்டு, மைதானக் கதவை அடைத்துப் பெரிய தகராறு நடந்தது. 2012இல் வந்த சட்டம், நுழைவதால் ஆகும் செலவை மட்டும் நிலையங்கள் கொடுத்தால் போதும் என்று முடித்து வைத்தது. அதனால் அங்கே நிலையங்களுக்குள் கடும் போட்டி. கதேனா செர் நிலையத்தின் கருசெல் தெபோர்த்தீவோ, கோபே நிலையத்தின் தியெம்போ தெ ஹுவேகோ இரண்டும் வார இறுதி முழுக்க ஓடும். பார்சிலோனா ஆட்டத்தை மட்டும் முழுதாகக் கேட்க விரும்பினால் கத்தலான் மொழியில் ரக் 1, கத்தலூன்யா ரேடியோ இருக்கின்றன.

இத்தாலியில் ராய் ரேடியோ 1இன் தூத்தோ இல் கால்ச்சோ 1960 ஜனவரி 10 முதல் நடந்துவருகிறது. பல மைதானங்களில் ஒரே நேரத்தில் நிருபர்கள், கோல் விழுந்ததும் ஒருவர் பேச்சில் மற்றவர் குறுக்கே நுழைந்து சொல்வார். ஜெர்மனியின் ஏ.ஆர்.டி. நிலையங்கள் சனிக்கிழமை பண்டஸ்லிகாவுக்கு இதே பாணியில் கூட்டு வர்ணனை தருகின்றன. அவர்களின் 3.30 ஆட்டங்கள் நமக்குக் குளிர்காலத்தில் இரவு 8, கோடையில் 7. இந்தச் சுற்று வர்ணனைகள் ஒரே ஆட்டத்தை ஒட்டிப் போகாது. லீக் முழுவதையும் பார்க்கிறவருக்கு விருந்து, ஒரே அணியைப் பார்க்கிறவருக்கு எரிச்சல். எது வேண்டும் என்று தெரிந்து தேர்ந்தெடுங்கள்.

மொழிக்கு வருவோம். ஆட்டத்தைத் தொடர ஸ்பானிஷில் இருபது சொல் தெரிந்தால் போதும். இஸ்கியெர்தா இடது, தெரேச்சா வலது. ஃபால்தா என்றால் ஃபவுல், கோர்னெர் என்றால் கார்னர், ஃபுவெரா தெ ஹுவேகோ ஆஃப்சைட். பராதா என்றால் கோல்கீப்பர் தடுத்துவிட்டார், பாலோ என்றால் கம்பத்தில் பட்டது, போர்தேரோ கோல்கீப்பர். தர்ஹேதா அமரியா மஞ்சள் அட்டை, ரோஹா சிவப்பு. காம்பியோ ஆள் மாற்றம், தெஸ்கான்ஸோ இடைவேளை, எம்பாத்தே சமநிலை. செரோ, ஊனோ, தோஸ், த்ரெஸ் என்று மூன்று வரை எண்ணத் தெரிந்தால் கோல் கணக்கு பிடிபடும். ஜெர்மனில் டோர் கோல், எக்கே கார்னர், அப்ஸைட்ஸ் ஆஃப்சைட், எல்ஃப்மீட்டர் பெனால்டி, லிங்க்ஸ் இடது, ரெக்ட்ஸ் வலது, ஹால்ப்ட்ஸைட் இடைவேளை. ஒரு தாளில் எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, இரு அணிகளின் ஆட்டக்காரர் பட்டியலையும் திறந்து வைத்தால், பெயர்கள் வந்து விழும் வேகத்திலேயே பந்து எங்கே போகிறது என்று காது கண்டுகொள்ளும். மூன்று நான்கு ஆட்டத்தில் தாள் தேவைப்படாது.

நிலையத்தின் சொந்தத் தளத்திலோ சொந்த ஆப்பிலோ கேட்பது நல்லது. உலக நிலையங்களைத் திரட்டித் தரும் ரேடியோ கார்டன், டியூன்இன் போன்றவை தேடுவதற்கு வசதி. ஆனால் திரட்டிகளில் இணைப்பு பழசாகிப்போயிருக்கும், தொடங்கும்போது விளம்பரமும் ஓடும். ஸ்பானிஷ் நிலையங்கள் ஆட்ட நேரத்தில் மட்டும் நிகழ்ச்சியை ஊர்வாரியாகப் பிரிப்பதுண்டு. தேசிய ஓடையில் (ஸ்ட்ரீம்) ரியல் மாட்ரிட் ஓடும்போது உங்கள் அணி அந்த ஊர்க் கிளையின் ஓடையில் இருக்கும்.

படத்தை அணைத்துவிட்டுக் கேட்பது

இந்தியாவில் உரிமை வைத்திருக்கும் ஆப்புக்குச் சந்தா கட்டியிருக்கிறீர்கள், அதையே ஒலியாகக் கேட்கலாமா? கேட்கலாம், குறைகளோடு. திரையைப் பூட்டினால் பெரும்பாலான ஆப்கள் நின்றுவிடும். சின்ன ஜன்னலாக்கி ஒரு மூலையில் ஓட விட வேண்டும். டேட்டாவும் கரையும். விநாடிக்கு 2 மெகாபிட் ஓடும் வீடியோ மணிக்கு 900 எம்பி தின்னும். 128 கிலோபிட் ஒலி மணிக்குச் சுமார் 58 எம்பி, இடைவேளை சேர்த்து இரண்டு மணி நேர ஆட்டத்துக்கு 115 எம்பி. 48 கிலோபிட் ஓடையானால் 45 எம்பிக்குள் முடியும், பேச்சுக்கு அதுவே தாராளம். வீட்டுத் தொலைக்காட்சியானால் பல மாடல்களில் படத்தை மட்டும் அணைக்கும் தேர்வு செட்டிங்ஸில் இருக்கிறது. எல்லாம் சரி, வர்ணனை தொலைக்காட்சிக்கானதுதான். பந்து எங்கே என்று தெரியாமல் ரசிகர் கூச்சலை வைத்து ஊகிக்க வேண்டியிருக்கும். பாதி நேரமாவது திரையை எட்டிப் பார்க்க முடிகிறவருக்கு மட்டும் இது சரிப்படும்.

தூரத்து ரிசீவர்

ஆர்வம் உள்ளவர்களுக்கு ஒன்று. நெதர்லாந்தின் ட்வென்டே பல்கலைக்கழகத்தில் 0 முதல் 29 மெகாஹெர்ட்ஸ் வரை பிடிக்கும் ரிசீவர் ஒன்றைப் பிரவுசரிலிருந்து யாரும் இயக்கலாம். 5 லைவ் நெடுங்காலமாக 693, 909 கிலோஹெர்ட்ஸில் ஒலிபரப்பாகிறது. அந்தப் பக்கம் இருட்டிய பிறகு அது கடல் தாண்டி வரும். ரிசீவரில் ஏ.எம். முறையையும், சுமார் 4 கிலோஹெர்ட்ஸ் பட்டை அகலத்தையும் தேர்ந்தெடுங்கள். அவர்களின் பிற்பகல் ஆட்டத்துக்கு உதவாது, இரவு ஆட்டத்துக்குத்தான். ஒலி அலையடிக்கும். அன்றாட வழியாக இதை வைத்துக்கொள்ள முடியாது, வேறெங்கும் கிடைக்காத நாக்-அவுட் ஆட்டத்துக்கு மாற்றாக இருக்கட்டும்.

போனைத் தயார் செய்வது

எந்த இணைய வழியானாலும் ஆட்டம் நடுவில் நிற்பதற்கு நெட்வொர்க்கைவிட போனே பெரும்பாலும் காரணம். பேட்டரி மிச்சம் பிடிப்பதற்காக ஆண்ட்ராய்டு பின்னணியில் ஓடும் ஆப்பைக் கொன்றுவிடும். செட்டிங்ஸ், ஆப்ஸ், அந்த வானொலி ஆப், பேட்டரி என்று போய், அங்கே கட்டுப்பாடில்லை என்பதைத் தேர்ந்தெடுங்கள். சில நிறுவனப் போன்களில் ஆட்டோஸ்டார்ட் என்று தனியாக ஒன்று இருக்கும், அதையும் திறந்து விடுங்கள்.

ஆழியாரிலிருந்து வால்பாறைக்கு நாற்பது கொண்டை ஊசி வளைவு ஏறும்போதோ, திம்பம் மலைப்பாதையிலோ டவர் மாறி மாறி அறுபடும். அங்கே வி.எல்.சி. பிளேயரில் நிலையத்தின் ஓடை முகவரியைப் போட்டு, நெட்வொர்க் கேச்சிங் (ஒலியை முன்கூட்டியே சேர்த்து வைப்பது) அளவை 10,000 மில்லி விநாடிக்கு உயர்த்தினால் பத்து விநாடி வரை டவர் போனாலும் குரல் அறாது. அதற்கு மேல் போனால் அறும். தகர ஷெட்டுக்குள் வேலை செய்பவர் போனை ஜன்னலோரம் வைத்துவிட்டுப் புளூடூத் இயர்போனில் கேட்கலாம், இடையில் இரும்பு அலமாரி இல்லாமல் பத்து மீட்டருக்குள் இருந்தால் சரி. தறி ஓடும் கொட்டகைக்குள் மட்டும் வேண்டாம். அந்தச் சத்தத்துக்கு மேல் வர்ணனை கேட்கும் அளவுக்கு ஒலியைக் கூட்டினால் காது கெட்டுவிடும்.

கடைசியாகத் தாமதம். இணைய ஒலி மைதானத்தைவிட 20 முதல் 60 விநாடி வரை பின்தங்கி வரும். கோல் அறிவிப்பு அனுப்பும் ஸ்கோர் ஆப் அதற்கு முன்னாலேயே டிங் என்று சொல்லிவிடும். ஆட்டம் தொடங்குமுன் அந்த ஆப்பின் அறிவிப்பையும், நண்பர்கள் வாட்ஸ்அப் குழுவையும் இரண்டு மணி நேரத்துக்கு அமைதியாக்குங்கள். தொலைக்காட்சிப் படத்தோடு வானொலி வர்ணனையைச் சேர்த்துக் கேட்க விரும்புகிறவர், எது முந்தி வருகிறதோ அதை நிறுத்திப் பிடிக்க வேண்டும். முதல் உதை விழும் விசில் சத்தத்தில் இரண்டையும் பொருத்தினால், வழியில் அறுபடாத வரை இடைவேளை வரைக்கும் ஒத்துப்போகும்.